விளையாடாமல் சேர்த்தவை

பாசிக்குடா ஹோட்டலொன்றில் ஏசி திருத்தும் றெஜிக்கு, தவக்காலத்தில் இறைச்சியை விடுவது தியாகமாகவே தெரியவில்லை. ஹோட்டலில் மிஞ்சி அவருக்குச் சாப்பிடக் கிடைப்பது எப்படியும் மீன்தான். அதனால் இந்த முறை வீடியோ கேமை விட்டார்.

சின்ன வயதில் டிவியில் செருகி விளையாடிய கேம்களைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டர் ஒன்று அவரிடம் இருந்தது. தவக்காலம் தொடங்கும் விபூதிப் புதனன்று ஜாய்ஸ்டிக்கைக் கழற்றி மனைவி மேர்லினிடம் கொடுத்தார். அவள் அதை அரிசி வாளிக்குள் புதைத்தாள்.

மறுநாள் பின்னேரம் கணினிக்கு முன்னால் றெஜி இருந்தார்.

"கேம விட்டுட்டன் எண்டீங்களே?"

"விளையாடல்ல மேர்லின். சேர்க்கிறன். அது வேற."

அவர் அதை மனதார நம்பினார். தினமும் பழைய கேம்களை இணையத்திலிருந்து இறக்கிச் சேர்த்தார். ஒவ்வொரு கேமுக்கும் அட்டைப்படம் தேடி ஒட்டினார். ஜப்பானிய எழுத்தில் இருந்தவற்றுக்குப் படத்தைப் பார்த்துத் தானே பெயர் வைத்தார்: தவளைக்காரன், கோபக்காரக் கொக்கு. பெரிய வெள்ளியன்று மட்டும் கணினியைத் தொடவில்லை. டவுன்லோட் தானாக ஓடியது.

உயிர்த்த ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் மேர்லின் ஜாய்ஸ்டிக்கில் ஒட்டிய அரிசியைத் தட்டிவிட்டு நீட்டினாள்.

"இந்தாங்க. இனியாவது விளையாடுங்க."

றெஜி பட்டியலை மேலிருந்து கீழே உருட்டினார். பிறகு கீழிருந்து மேலே உருட்டினார். தேத்தண்ணி ஆறிப்போனது. கடைசியில் ஒன்றைத் திறந்தார். தவளைக்காரன் முதல் குழியிலேயே விழுந்து செத்தான்.

றெஜி கேமை மூடிவிட்டு ஜாய்ஸ்டிக்கைத் திருப்பிக் கொடுத்தார்.

"இத அரிசிக்குள்ளயே வை. இன்னும் கொஞ்சம் சேர்க்கக் கிடக்கு."