தூங்காமல் பார்த்த படம்

சூலியா தெருவில் ஒரு பழைய கடைவீட்டு மாடியில் அந்த ஜப்பானியப் படத்தைத் திரையிட்டார்கள். கதை கிடையாது, பேச்சும் கிடையாது. காலியான வீட்டில் ஒரு பெண் அறை அறையாக நடந்துகொண்டே இருந்தாள். பாதிப் பேர் எழுந்து போய்விட்டார்கள். என் பக்கத்து நாற்காலிக்காரர் மட்டும் அசையவில்லை. ஐம்பது வயதிருக்கும், கனத்த உடம்பு, இஸ்திரி போட்ட சட்டை. கண் சொருகும்போதெல்லாம் காது மடலைக் கிள்ளிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

படம் முடிந்ததும் என் பக்கம் திரும்பினார். “தம்பி, நான் தூங்கினேனா?”

“இல்லண்ணே.”

“குறட்டை?”

“சத்தமே வரல.”

பெருமூச்சு விட்டார். “என் கூடப் பிறந்தவனும் இந்த மாதிரிதான் படம் எடுப்பான். வேலைய விட்டுட்டு எடுத்தான்லா. மொத ஷோவுக்கு வீட்டுலேருந்து நான் ஒருத்தன்தான் போனேன். ஏர்கோன் குளிருல தூங்கிட்டேன். என் குறட்டையக் கேட்டு ஹாலே சிரிச்சிச்சு.”

“மன்னிப்புக் கேட்டீங்களா?”

“கேட்டேன். ‘பரவால்லண்ணே, போரிங் படம்தானே’ன்னு அவனே சொல்லிட்டான். அதத்தான் தாங்க முடியல. அடுத்த மாசம் ரெண்டாவது படம் காட்டறான். என்னைக் கூப்பிடல. கூப்பிடாட்டியும் போகணும். முழிச்சிருக்க முடியுதான்னு பார்க்கத்தான் இங்க வந்தேன்.”

கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மெதுவாகப் படியிறங்கிப் போனார். பிறகு நான் அவரைப் பார்க்கவில்லை. அந்தத் திரையிடலுக்கு அவர் போயிருந்தால், தம்பியின் கண்ணில் படும்படி முன்வரிசையில் உட்கார்ந்திருப்பாரா, படாமல் கடைசியிலா என்று இன்னும் யோசிக்கிறேன்.