மீன்கொத்திக் கப்பலின் கேப்டன் நாற்காலி

போன மாதம் அல்வாலில் ஒரு விண்வெளிக் கப்பல் கேப்டனுக்கு நாற்காலி செய்து கொடுத்தேன். வயது அறுபது. நூல் புடவை. பெயர் கோமதி அம்மா.

சிரிக்காதீர்கள்... போவன்பள்ளியில் நான் சோஃபா, குஷன் வேலை செய்கிறவன் என்பது உங்களுக்குத் தெரியும். யார் எது கேட்டாலும் செய்வேன். பேச்சுதான் வராது.

முதலில் வந்தவர் அவர் கணவர் ராஜமாணிக்கம் சார். டிஃபென்ஸ் ஆபீசில் இருந்து ரிடையர் ஆனவர். சொந்த ஊர் வேலூர், முப்பது வருஷமாக இங்கே; பேச்சில் இந்த ஊர் உருது கலந்துவிடும். செல்போனில் ஒரு படம் காட்டினார்.

"மேஸ்திரி, இதே மாதிரி வேணும். முடியுமா?"

டிவி தொடரில் வருகிற விண்வெளிக் கப்பலின் கேப்டன் நாற்காலி. காலத்துக்குள்ளும் போய்வரும் கப்பல் அது. மீன்கொத்தி ரகம் என்பார்கள். பறவை தண்ணீரில் பாய்கிற மாதிரி பழைய வருஷம் ஒன்றுக்குள் தலைகீழாகப் பாயும். வேலை முடிந்ததும் விருட்டென்று மேலே வந்துவிடும். இங்கே ஆட்டோ முதுகில் எல்லாம் அதன் படம். குகட்பள்ளியில் அந்தப் பெயரில் ஒரு டீக்கடைகூட வந்துவிட்டது. டீ என்னவோ இந்தக் காலத்து டீதான்.

"பேரனுக்கா சார்?"

"நக்கோ நக்கோ... அவனுக்கில்ல, வீட்டம்மாவுக்கு."

அவருக்கு முழங்கால் மூட்டு மாற்று ஆபரேஷன் ஆகி இரண்டு மாதம். தரையில் உட்காரவே கூடாது, கை வைத்த உயரமான நாற்காலியில்தான் உட்கார வேண்டும் என்பது டாக்டர் உத்தரவு. சார் ஒன்று வாங்கிவந்தார். கோமதி அம்மா அதில் துண்டு காயப்போட்டார்.

"'என்னை நோயாளி ஆக்காதீங்க'ன்றா. போன வாரம் அரிவாள்மனைய எடுத்துக்கிட்டு தரையில உக்காந்துட்டா. எழுந்திருக்க முடியல. மூட்டு வீங்கிப்போச்சு. இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா ஆபரேஷன் பண்ணதே வீண்னு சொல்லிட்டாரு டாக்டர்."

"இதுல உக்காருவாங்களா?"

"ஹவ், உக்காருவா. அந்தத் தொடர் ஒரு நாள் விட்டதில்ல. கப்பல் பாயும்போது கேப்டன் எழுந்திருக்கக் கூடாதாம். எழுந்தா பாதி ஆள் பழைய வருஷத்துலயே நின்னுடுமாம். அதைத்தான் நம்பியிருக்கேன்."

வீட்டுக்கு வந்து அளவெடுக்கிறேன் என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. பெண்களிடம் அளவு கேட்க எனக்குக் கூச்சம். சாரையே உட்காரவைத்து அளந்துகொண்டேன். சார் கிட்டத்தட்ட ஆறடி!

நீல ரெக்சின், கெட்டி ஃபோம், ஆரஞ்சு நூல் தையல், கைப்பிடியில் நாலு பட்டன். எந்த நாற்காலியையும் பத்து நிமிஷம் உட்கார்ந்து பார்க்காமல் நான் அனுப்புவதில்லை. உட்கார்ந்தேன். பிரமாதம். நானும் நெட்டை என்பது அப்போது தோன்றவில்லை...

அல்வாலில் இறக்கிவைத்தேன். கோமதி அம்மா நாற்காலியை ஒரு சுற்று சுற்றிவந்தார். தையலைத் தடவினார். "பட்டன் கலர்கூட சரியா இருக்கே" என்று உட்கார்ந்தார்.

இரண்டு காலும் அந்தரத்தில் தொங்கின.

குனிந்து பார்த்தார். "ஏங்க, கேப்டன் காலைத் தொங்கப்போட்டுக்கிட்டா கப்பல் ஓட்டுவா?"

"மேஸ்திரிதான்..."

"எந்த மேஸ்திரி என்னை அளந்தாரு?"

மெதுவாக இறங்கினார். "எனக்குத் தரையே போதும்" என்று சமையலறைப் பக்கம் நடந்தார். அரிவாள்மனை அங்கேதான் இருந்தது. சார் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"அம்மா..." என்றேன். காது சுட்டது. "தப்பு என்னுது. உங்ககிட்ட அளவு கேக்கக் கூச்சமா இருந்துச்சு. சார் அளவுல பண்ணிட்டேன்."

நின்றார். திரும்பினார்.

"கூச்சப்பட்டுக்கிட்டு எப்படிங்க தொழில் பண்றீங்க?" என்றபடி கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். டேப்பை நீட்டினேன்.

"ஒரு முனை முழங்கால் மடிப்புல, ஒரு முனை தரையில... நீங்களே பிடிங்கம்மா."

நான் சுவர் காலண்டரைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"பதினாறரை."

நாற்காலி இருபது! எழுந்திருக்கச் சுலபமாக ஒரு இஞ்சு கூட்டி, பதினேழரைக்கு பால்கனியில் வைத்துக் கால்களை அறுத்தேன். மறுபடி உட்கார்ந்தார். இரண்டு பாதமும் தரையில் பதிந்தன. அவர் கை தானாக ஒரு பட்டனை அழுத்தியது. சார் என்னைப் பார்த்தார். நான் ரம்பத்தைப் பார்த்தேன்.

டாக்டர் சொல்லிப் பார்த்தார். கணவர் கெஞ்சிப் பார்த்தார். அமெரிக்காவில் இருக்கும் மகன் போனில் கோபித்துப் பார்த்தான். கடைசியில் உட்காரவைத்தது எது? எந்த ஆகாயத்திலும் பறக்காத ஒரு கப்பல். நல்லது என்று தெரிந்து நாம் செய்கிறது எத்தனை, பிடித்துப்போய்ச் செய்கிறது எத்தனை — யோசித்துப் பாருங்கள்.

போன வாரம் உறை மாட்டப் போயிருந்தேன். வீக்கம் வடிந்துவிட்டது. கோமதி அம்மா நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். சார் அரிவாள்மனை முன்னால், தரையில், கத்தரிக்காயோடு.

"மேஸ்திரி, எனக்கும் இதே மாதிரி ஒண்ணு..." என்று மெதுவாக ஆரம்பித்தார்.

"ஒரு கப்பலுக்கு ஒரு கேப்டன் போதும்" என்றார் கோமதி அம்மா. "நறுக்கினத தண்ணியில போடுங்க. கறுத்துடும்."

சார் போட்டார்.