கப்பல் பக்கத்துக் கோடு

1994 ஜூன் 12, ஞாயிற்றுக்கிழமை, மாலை ஐந்து மணி ஐம்பத்தேழு நிமிடம். காலையிலிருந்தே அனல். மூன்று மணிக்குள் வந்துவிட வேண்டிய கடற்காற்று அன்று வரவேயில்லை. தண்டையார்பேட்டையில் ஒரு பள்ளிக்கூட மண்டபம். மின்விசிறிகள் ஆறு, ஓடியவை நான்கு. அந்த நேரத்தில்தான் என் செஸ் கடிகாரத்தின் கொடி விழுந்தது. பழைய முள் கடிகாரம் அது. நேரம் தீரப்போகும்போது பெரிய முள் கொடி என்கிற ஒரு சிவப்புத் தகட்டை மெல்லத் தூக்கும். தீர்ந்ததும் தகடு விழும், ஆள் தோற்றுப்போவான். எதிரே உட்கார்ந்திருந்தவன் இன்று கிராண்ட்மாஸ்டர். அன்று துறைமுகத்தில் என்னோடு வேலை பார்த்த டாலி கிளார்க். செய்தித்தாள்களெல்லாம் ‘அவர்’ என்று எழுதுகின்றன. எனக்கு அது இன்னும் வரவில்லை.

டாலி கிளார்க்கின் வேலை எண்ணுவது, வேறொன்றுமில்லை. கப்பலின் வயிற்றிலிருந்து மூட்டைகளைச் சேர்த்துக் கட்டிக் கிரேன் தூக்கிக் கரையில் இறக்கும். அப்படி ஒரு தூக்குக்கு ஸ்லிங் என்று பெயர். ஒரு ஸ்லிங்குக்கு ஒரு கோடு. நான்கு கோடு போட்டு ஐந்தாவதைக் குறுக்கே இழுக்க வேண்டும். கப்பல் பக்கம் ஒருவர், கரைப் பக்கம் ஒருவர். கப்பல் பக்கத்துக்காரர் ஸ்லிங் மேலே கிளம்பியதுமே கோடு போடுவார். கரைப் பக்கத்துக்காரர் அது தரையைத் தொட்ட பிறகுதான் போடுவார். ஆகவே ஸ்லிங் அந்தரத்தில் இருக்கும்வரை கப்பல் கணக்கில் ஒன்று கூடுதலாகவே இருக்கும். கரையில் நிற்பவர் சந்தேகம் வந்து எதிர்க்கணக்கை எட்டிப் பார்த்தால் அந்த ஒன்றைக் கழித்துக்கொள்ள வேண்டும். புதிதாக வருபவர்களிடம் நான் முதல் நாளே சொல்லிவைக்கும் விஷயம் இது. நான் பதினாறு வருடம் கரைப் பக்கம். அவன் கப்பல் பக்கம்.

1993 ஜனவரியில் வேலைக்குச் சேர்ந்தபோது அவனுக்கு இருபத்துநான்கு வயது, எனக்கு முப்பத்தேழு. சாப்பாட்டு வேளையில் கிடங்கின் ஓரம் ஒரு பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் ஆடுவோம். நாளுக்கு ஓர் ஆட்டம். நான் ஒவ்வொரு நகர்வுக்கும் வரக்கூடிய நான்கு பதில்களை எண்ணிப் பார்த்துத்தான் காயைத் தொடுவேன். அவன் கருவாட்டுக் குழம்புச் சோற்றைப் பிசைந்தபடியே இடது கையால் காயைத் தள்ளுவான். தள்ளிய காய் இருக்க வேண்டிய இடத்தில் இருக்கும். எண்ணாமல் ஒருவனுக்கு அது எப்படித் தெரிகிறது என்ற எரிச்சல் முதல் வாரமே எனக்குள் வந்துவிட்டது. ஆரம்பத்தில் நான்தான் நிறைய ஜெயித்தேன். அதனால் எரிச்சலை மறைப்பது சுலபமாக இருந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை நடந்தது மாவட்டத் தேர்வுப் போட்டியின் கடைசிச் சுற்று. மாநிலப் போட்டிக்குப் போக ஒரே இடம். நான் அரைப் புள்ளி முன்னால் இருந்தேன்; டிரா செய்தாலே போதும். அதற்குமேல் போனால் என்ன ஆகும் என்று அதற்கு முந்தைய இரவுகளில் நிறையக் கணக்குப் போட்டிருந்தேன். பலகையில் எனக்கு ஒரு சிப்பாய் கூடுதல். ஆனால் இருவருக்குமே நேரம் இல்லை. நாற்பது நகர்வுகளை இரண்டு மணி நேரத்துக்குள் முடித்தால்தான் மேற்கொண்டு நேரம் தருவார்கள். கடைசி ஐந்து நிமிடத்தில் நகர்வுகளை எழுத வேண்டியதில்லை என்பதால் நான் எழுதுவதை நிறுத்தியிருந்தேன். அவன் தன் தாளில் வெறும் கோடுகளாகப் போட்டுக்கொண்டிருந்தான். எத்தனை ஆயிற்று என்ற சந்தேகம் வந்ததும் கிடங்கில் செய்வதைப்போலவே எதிர்க்கணக்கை எட்டிப் பார்த்தேன். ஐந்தைந்தாக எட்டு. நாற்பது. பின்னால் சாய்ந்து, துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அடுத்த நகர்வை நிதானமாக யோசிக்க ஆரம்பித்தேன்.

நாங்கள் முடித்திருந்தது முப்பத்தொன்பதுதான். நான் என்ன ஆடினாலும் தன் ராஜா போக ஒரே கட்டம்தான் இருந்ததால், அவன் அடுத்த நகர்வுக்கான கோட்டை முன்கூட்டியே போட்டுவிட்டான். அந்தக் காலத்தில் அதற்குத் தடையில்லை. என்னிடம் எழுபது விநாடி இருந்தது. ஒரு நகர்வுக்கு இரண்டு விநாடி போதும். கொடி விழுந்ததும் அவன் மெதுவாகச் சொன்னான்: “இன்னும் ஒன்னு பாக்கி கீது, அண்ணாத்தே.” விழுவதற்கு முன் அவன் வாயைத் திறந்திருக்கக் கூடாது; அதுதான் விதி. இருந்தாலும் திறந்திருக்கலாம் என்றுதான் வெகுகாலம் நினைத்தேன்.

மறுநாள் கிடங்கு முழுவதும் அவன் கள்ளக்கோடு போட்டதாகச் சொன்னேன். கேட்டுக்கொண்டிருந்த கிரேன் டிரைவர் பீடியைக் கீழே போட்டு மிதித்துவிட்டு, “இன்னா கிளார்க்கு, ஸ்லிங்கு அந்தரத்துல கீறசொல்ல ஒன்னு கயிக்கணும்னு ஊருக்கெல்லாம் நீதான சொல்லுவ. ஒனக்குன்னு வரசொல்ல மறந்துட்டியா?” என்றார். சிரித்தவர்கள் ஏழு பேர். அவன் சிரிக்கவில்லை, அது இன்னும் மோசமாக இருந்தது. சாப்பாட்டு வேளையில் வழக்கம்போலப் பெட்டியைக் கவிழ்த்துக் காய்களை அடுக்கி எனக்காகக் காத்திருந்தான். நான் செய்தித்தாளை விரித்துக்கொண்டேன். பத்தொன்பது நாள் அடுக்கினான். இருபதாவது நாள் அடுக்கவில்லை.

பிறகு அவன் மாநிலம், தேசம், வெளிநாடு என்று போனான். கிராண்ட்மாஸ்டர் ஆக மூன்று பெரிய போட்டிகளில் அதற்குரிய தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும். அதை நார்ம் என்பார்கள். இரண்டாயிரத்து ஐந்நூறு தரப்புள்ளியும் தொட வேண்டும். முதல் நார்ம் வந்த செய்தியைப் படித்த அன்று காப்பி இறங்கவில்லை. இரண்டாவது வர மூன்று வருடம் ஆயிற்று. அந்த மூன்று வருடமும் நான் நன்றாகத் தூங்கினேன். எல்லோரும் அவன் ஜெயித்த ஆட்டங்களைப் பற்றிப் பேசினார்கள். நான் தோற்றவற்றைத் தேடிப் படித்தேன். எந்த நகர்வில் பிசகினான் என்று கண்டுபிடித்து, நானாக இருந்தால் அங்கே எண்ணியிருப்பேன் என்று சொல்லிக்கொள்வேன். அவன் பட்டம் வாங்கியபோது அவனுக்கு முப்பத்துமூன்று வயது. துறைமுகத்தில் எல்லோரும் சேர்ந்து அனுப்பிய வாழ்த்து அட்டையில் நாற்பத்தாறு கையெழுத்து இருந்தது. என்னுடையது இல்லை.

அதற்குப் பல வருடம் கழித்து, போன மாதம் ராயபுரத்தில் அவனுக்குப் பாராட்டு விழா. போகக்கூடாது என்று இருந்தேன், போனேன். கடைசி வரிசையில் உட்கார்ந்து எத்தனை சால்வை போடுகிறார்கள் என்று பார்த்தேன்: இருபத்திரண்டு. பேச்சில் துறைமுகத்தைப் பற்றி இரண்டு வாக்கியம் வந்தது. என்னைப் பற்றி ஒன்றுமில்லை. எழுந்து கிளம்பும்போது அவன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து என் தோளைப் பிடித்தான். தலை முழுக்க நரைத்திருந்தது.

“நம்ம கணக்கு இன்னா அண்ணாத்தே? நீ மறந்திருக்க மாட்ட.”

“நானூத்திப் பன்னண்டு ஆட்டம். நான் இருநூத்தி மூணு. நீ நூத்தி எண்பத்தாறு. டிரா இருபத்திமூணு.”

கொஞ்சம்கூட யோசிக்காமல் சொன்னேன். அவன் பக்கத்தில் நின்றவரிடம் திரும்பி, “பாத்துக்க, இந்த ஆளாண்ட நான் இன்னும் பதினேயு பின்னாடி கீறேன்” என்றான். பிறகு குரலைத் தாழ்த்தி, “அப்பால நீ ஒக்காரவே இல்லியே, அண்ணாத்தே” என்றான்.

விம்கோ நகருக்குத் திரும்பும் பேருந்தில் அந்தப் பதினேழை நினைத்து முதலில் எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. கிராண்ட்மாஸ்டர் ஒருவனைவிடப் பதினேழு ஆட்டம் முன்னால் இருப்பவர்கள் இந்த ஊரில் எத்தனை பேர்? சுங்கச்சாவடி தாண்டி கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே பேருந்து நின்றபோதுதான் அந்தச் சந்தோஷம் எனக்கே வெட்கமாகப் போயிற்று. கடைசி ஐம்பது ஆட்டங்களில் நான் ஜெயித்தது பதினொன்று. தொடர்ந்து ஆடியிருந்தால் இரண்டே மாதத்தில் அவன் என்னைத் தாண்டியிருப்பான். அது எனக்கு அப்போதே தெரியும். அந்தக் கோட்டின்மேல் பழியைப் போட்டுவிட்டு நான் காப்பாற்றிக்கொண்டது இந்தப் பதினேழைத்தான்.

அதற்கு என்ன விலை கொடுத்தேன் என்று பேருந்திலேயே கணக்குப் பார்த்தேன். 1994 ஜூலையிலிருந்து அவன் வேலையை விட்ட 1998 டிசம்பர் வரை ஐம்பத்துநான்கு மாதம். மாதத்துக்கு இருபத்துநான்கு வேலை நாள் என்றால் ஆயிரத்து இருநூற்றுத் தொண்ணூற்றாறு. போட்டிகளுக்காக அவன் ஊரில் இல்லாத நாள் முந்நூற்று எண்பத்தெட்டு. என் விடுப்பு ஐம்பத்துமூன்று. இரண்டையும் கழித்தால், ஒரு கிராண்ட்மாஸ்டர் உருவாகிக்கொண்டிருந்தபோது அவனுக்கு எதிரே உட்கார்ந்து நான் ஆடியிருக்கக்கூடிய ஆட்டங்கள், எண்ணூற்று ஐம்பத்தைந்து.