எந்தச் சூசையப்பர்?

புயல் கரையைக் கடந்து நான்கு நாளாகியும், தருவைகுளத்திலிருந்து லட்சத்தீவுப் பக்கம் மீன்பிடிக்கப் போன படகுகளைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. ஒரு படகில் என் தம்பி இருந்தான். தினமும் காலை எட்டு மணிக்கே போய் மீன்வளத் துறை அலுவலக வராந்தாவில் உட்காருவேன். மின்விசிறி உள்ளே இருப்பவர்களுக்கு மட்டும். இப்போது நினைத்தாலும் பற்றிக்கொண்டு வருகிறது.

பக்கத்தில் வேம்பாரிலிருந்து வந்த ஒரு பெண். அவள் வீட்டுக்காரரும் கடலில். பிளாஸ்க்கில் கொண்டுவந்த காப்பியை மூடியில் ஊற்றி முதலில் எனக்குத்தான் நீட்டுவாள். "குடிங்கக்கா, தெம்பு வேணும்லா."

அன்று பதினொரு மணிக்கு அலுவலர் செல்போனும் கையுமாக வெளியே வந்தார். "சூசையப்பர் படகு கொச்சியில கரை சேந்துட்டு. எல்லாரும் நல்லாருக்காங்க."

இருவரும் ஒரே நேரத்தில் எழுந்து கட்டிப்பிடித்து அழுதோம். அவள்தான் முதலில் கையை எடுத்தாள். "எக்கா, ஒங்க படகு பேரு என்ன?"

சூசையப்பர். அவளுடையதும் சூசையப்பர். எங்கள் கரையில் புனிதர் பேர் வைக்காத படகே அபூர்வம். ஒரே புனிதர் பேரில் பத்துப் படகு ஓடும். அதற்காகத்தானே நம்பர் எழுதியிருக்கிறது? அந்த நம்பரை எங்களிடம் மூன்று நாளும் தாளில் எழுதி வாங்கினாரே, எதற்கு? வடை மடிக்கவா?

"நம்பர் என்ன சார்?" என்று கத்தினேன்.

"பேருதாம்மா சொன்னாங்க. நம்பரு கேக்கல. கொஞ்சம் பொறுங்க, திரும்பப் பேசிப் பாக்கேன்."

கொஞ்சம் என்பது இரண்டரை மணி நேரம். நடுவில் சாப்பிடப் போய், ஏப்பம் விட்டுக்கொண்டு வந்தார். நாங்கள் இருவரும் ஒரே சூசையப்பரைத்தான் வேண்டிக்கொண்டிருந்தோம். வந்த நல்ல சேதி ஒருத்திக்குத்தான் என்று இருவருக்கும் தெரியும். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அவளுக்குக் கிடைக்கக் கூடாது என்று நான் வாய்விட்டுச் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

கடைசியில் நம்பரைப் படித்தார். எங்களுடையது.

நான் சிரித்தேன். பல் தெரிய, சத்தமாக, அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சிரித்தேன். அவள் "நல்லதுக்கா" என்று சொல்லிவிட்டுத் திரும்பவும் தரையில் உட்கார்ந்தாள்.

தம்பி வந்து சேர்ந்தான். அந்த ஆளை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை. காக்கவைத்ததற்காக இல்லை. என்னை அப்படிச் சிரிக்க வைத்தானே, அதற்காக.