ஒன்ராறியோவைத் தாண்டக்கூடாது

பொறாமை என்பது புத்தகச் சொல். எங்கள் ஆட்கள் அதை எரிச்சல் என்பார்கள். தொண்ணூறுகளின் நடுவில் ஒரு கோடைகாலம் முழுக்க எனக்கு அந்த எரிச்சல் இருந்தது. நெஞ்சுக்குழியில் தொடங்கும், தொண்டை வரைக்கும் வரும், தண்ணீர் குடித்தாலும் போகாது. காரணம் இருபது வயது ஜேர்மன்காரப் பெண் ஒருத்தி. அவள் எனக்கு ஒரு கெடுதலும் செய்யவில்லை. செய்திருந்தால் எனக்கு எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும்.

ரொறன்ரோவின் வடக்குப் பக்கத்தில் ஒரு பெரிய வீட்டில் நான் கிழமைக்கு மூன்று நாள் துப்புரவு வேலை செய்தேன். அவள் அந்த வீட்டில் 'ஓ பேர்'. அதாவது ஒரு வருட ஒப்பந்தத்தில் வந்து, வீட்டோடு தங்கி, பிள்ளைகளைப் பார்க்கிற வெளிநாட்டுப் பெண். நான் குளியலறைத் தொட்டியைத் தேய்க்கும்போது அவள் பிள்ளைகளைப் பூங்காவுக்குக் கூட்டிக்கொண்டு போவாள். இரண்டு பேரும் அந்த வீட்டுக்கு வேலைக்காரர்கள்தான். ஆனால் அவள் சாப்பாட்டு மேசையில் இருந்து சாப்பிட்டாள், நான் கொண்டுபோன சோற்றை நிலவறையில் வைத்துச் சாப்பிட்டேன். யாரும் அப்படிச் செய் என்று சொல்லவில்லை. மீன்குழம்பு மணக்கும் என்று நானே இறங்கிப் போய்விட்டேன்.

அப்போது எங்களை அகதிகள் என்று ஏற்றுக்கொண்டு விட்டார்கள். ஆனால் நிரந்தரமாகத் தங்குவதற்கான 'லாண்டட்' பேப்பர் வரவில்லை. அது வராமல் நாட்டை விட்டு வெளிக்கிட்டால் திரும்பி உள்ளே வருவது கடவுள் விட்ட வழி என்று எங்கள் லோயர் சொல்லியிருந்தார். அந்த வருடம் மே மாதம் ஜேர்மனியில் என் தங்கைக்குக் கல்யாணம் நடந்தது. எனக்கு இருப்பது ஒரே ஒரு தங்கை. நான் போகவில்லை.

கல்யாண வீடியோ தபாலில் வந்தது. ஜேர்மன் கசெற் இங்கத்தைய டெக்கில் ஓடாது, கடையில் கொடுத்து மாற்ற வேண்டும். கடைக்காரரிடம் எனக்கு முன்னால் பதினைந்து கல்யாணங்கள் காத்திருந்தன. மூன்று கிழமை கழித்து வோபர்ன் பக்கத்தில் இருந்த எங்கள் அப்பார்ட்மென்றில் திரைச்சீலையை மூடிவிட்டுப் போட்டுப் பார்த்தேன். நான் எடுத்திருக்க வேண்டிய ஆலாத்தித் தட்டை யாரோ ஒரு பச்சைச் சேலைக்காரி எடுத்தாள். அவளுடைய முகத்தை இன்றைக்கும் அடையாளம் காட்டுவேன்.

தங்கையின் நிலைமை என்னுடையதைவிட மோசம். அவளுடைய விண்ணப்பத்துக்கு இன்னும் முடிவு வரவில்லை. முடிவு வரும்வரை அவளை இருத்திய மாவட்டத்தைத் தாண்டக்கூடாது என்பது அங்கத்தைய சட்டம். பக்கத்து நகரத்துத் தமிழ்க் கடைக்குப் போவதென்றாலும் அரசாங்கக் கந்தோரில் அனுமதிக் கடிதம் வேண்டும். மாப்பிள்ளை வேறு மாவட்டம். தன்னுடைய கல்யாணத்துக்கு வருவதற்கு அவர் அனுமதி கேட்டு எழுதினார், மூன்று நாள் கொடுத்தார்கள். தங்கை ரெலிபோனில் சிரித்துச் சிரித்து இதைச் சொன்னாள். நானும் சிரித்தேன்.

இந்த ஜேர்மன் பெண்ணிடம் ஒருநாள் அவளுடைய ஊர் எங்கே என்று கேட்டேன். பிள்ளைகளின் பூகோளப் புத்தகத்தை விரித்து விரலை வைத்தாள். என் தங்கை இருக்கிற இடத்திலிருந்து ரயிலில் அரை மணி நேரம். தங்கையின் ஊர்ப் பெயரை நான் சொன்னதும் துள்ளினாள்.

"அங்கேதான் நான் ரயில் மாறுவேன்! விலாசத்தைத் தாருங்கள், ஊருக்குப் போனதும் போய்ப் பார்க்கிறேன்."

கடைக்குப் போய்ப் பால் வாங்கி வருகிறேன் என்பதுபோலச் சொன்னாள். எங்கள் பேச்செல்லாம் ஆங்கிலத்தில்தான், இரண்டு பேருக்கும் அது இரவல் மொழி. விலாசத்தை எழுதிக் கொடுத்தேன். தங்கை அந்த எல்லையைத் தாண்ட முடியாது என்பதை மட்டும் சொல்லவில்லை. சொல்ல வெட்கமாக இருந்தது. என்ன குற்றம் செய்தாள் என்று அவள் கேட்டுவிட்டால் நான் என்ன சொல்வது?

ஓகஸ்ட் மாதத்தோடு அவளுடைய ஒப்பந்தம் முடிகிறது. ஊரில் பல்கலைக்கழகம் தொடங்குவது ஒக்ரோபர் நடுவில், அதற்கேற்றபடி விமானச் சீட்டும் இருந்தது. இடையில் ஆறு கிழமை. பஸ்ஸில் வன்கூவர் வரைக்கும் போய் மலையும் கடலும் பார்க்க வேண்டும் என்று வந்த நாளிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தாள். அவளை அனுப்பிய ஏஜென்சி, ஒப்பந்தம் முடிந்த பிறகு தங்கிச் சுற்றிப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு என்று ஒரு விதித் தாள் அனுப்பியிருந்தது. அதைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள். வீட்டுக்கார அம்மா சொன்னாராம், இமிக்ரேஷன் விஷயமெல்லாம் துப்புரவுக்கு வருகிறவளுக்குத் தெரியும், அவளிடம் கேள் என்று.

அது உண்மைதான். அந்த நாட்களில் தமிழருக்கு அது தெரியாமல் இருக்க முடியாது. எங்கள் கட்டிடத்தில் லிஃப்டில் ஏறினால் ஆறாம் மாடிக்குப் போவதற்குள் ஒருவருடைய கேஸ் முழுக்கக் கேட்டுவிடலாம். நான் பத்துப் பேருக்காவது ஃபோம் நிரப்பிக் கொடுத்திருப்பேன்.

தாளை இரண்டு முறை வாசித்தேன். வேலைப் பத்திரம் முடிகிற நாளுக்குள் ஒன்றில் நாட்டை விட்டுப் போக வேண்டும், அல்லது அதற்கு முன்பே பார்வையாளராகத் தங்க விண்ணப்பிக்க வேண்டும். திரும்பிப் போகிற சீட்டைக் காட்ட வேண்டும். அந்த நாளுக்குப் பிறகு ஒரு மணி நேரம்கூட வேலை செய்யக்கூடாது, பிள்ளை பார்ப்பதும் வேலைதான். பதில் வரும்வரை கனடாவுக்குள் எங்கும் போகலாம், நாட்டை விட்டு மட்டும் வெளியே போகக்கூடாது. அவ்வளவுதான். இதில் விளங்காமல் போக ஒன்றுமில்லை.

ஃபோமை அவளோடு இருந்து ஒழுங்காகத்தான் நிரப்பிக் கொடுத்தேன். தங்க விரும்பும் காரணம் என்ற இடத்தில் அவள் தானே எழுதினாள்: மலைகளைப் பார்க்க.

என்னுடைய கேஸுக்குக் காரணம் பதினொரு பக்கம். லோயரும் மொழிபெயர்ப்பாளரும் நானும் இருந்து நான்கு நாள் எழுதினோம். எழுதும்போது இரண்டு தரம் எழும்பிப் போய் முகம் கழுவினேன். இவளுக்கு ஒரு வரி. அந்த ஒரு வரிக்கு முற்றுப்புள்ளிகூட வைக்கவில்லை.

பிறகு சமையலறை மேசையில் கனடாப் படத்தை விரித்தாள். சிவப்புப் பேனாவால் வட்டம் வட்டமாகப் போட்டிருந்தாள், எல்லாம் எங்கள் ஒன்ராறியோ மாகாணத்துக்கு வெளியே. "அப்படியென்றால் செப்ரெம்பர் முதலாம் திகதியே நான் வெளிக்கிடலாம், இல்லையா?"

"இல்லை," என்றேன்.

யோசித்துச் சொல்லவில்லை. வாய் முந்திக்கொண்டது. "பதில் வரும்வரை ஒன்ராறியோவைத் தாண்டக்கூடாது."

அவள் தாளைத் திருப்பிப் பார்த்தாள். "இதில் அப்படி எழுதவில்லையே?"

"எல்லாவற்றையும் தாளில் எழுத மாட்டார்கள். திடீரென்று நேர்முகத்துக்கு வரச் சொல்லி இந்த விலாசத்துக்குக் கடிதம் வரும். நீ இல்லாவிட்டால் ஃபைலை மூடிவிடுவார்கள்."

"ரெலிபோன் எடுத்துக் கேட்டுப் பார்க்கட்டா?"

"ஐயோ, எடுத்துவிடாதே. எடுத்தால் உன்னுடைய ஃபைலை வெளியே இழுப்பார்கள், பிறகு திருப்பி அடுக்கின் அடியில்தான் வைப்பார்கள்."

இந்தக் கடைசி ஒன்றை மட்டும் நான் இட்டுக்கட்டவில்லை. எங்கள் சனம் அத்தனை பேரும் நம்பிய விஷயம் அது. அதனால்தான் நாங்கள் வருடக்கணக்கில் யாரிடமும் ஒன்றும் கேட்காமல் தபால் பெட்டியைத் திறந்து திறந்து மூடினோம். மற்றதெல்லாம் பொய். தங்கைக்கு ஜேர்மனி போட்ட சட்டத்தைத் தூக்கி இந்த ஜேர்மன் பிள்ளையின் தலையில் போட்டேன். அவள் படத்தை மடித்தாள். மடிக்கிறபோது எனக்கு உடம்பெல்லாம் குளிர்ந்தது என்று சொன்னால் அதுதான் உண்மை.

வீட்டுக்குப் போய் என் மனுசனிடம் சொன்னேன். அவர் தேத்தண்ணீரை வைத்துவிட்டுப் பார்த்தார்.

"நீர் என்ன லோயரோ? உப்பிடி ஒரு சட்டம் இஞ்ச எங்க இருக்கு?"

"எனக்குத் தெரிஞ்சதைச் சொன்னனான்."

"தெரிஞ்சு சொன்னீரோ, எரிச்சல்ல சொன்னீரோ?"

"உங்களுக்கு அந்த வெள்ளைக்காரியில என்ன அவ்வளவு அக்கறை?" என்று கேட்டு அவருடைய வாயை அடைத்தேன். மடியில் கனமிருந்தால்தானே வழியில் பயம். எனக்குக் கனம் இருந்தது, குரல் அதனால்தான் உயர்ந்தது.

செப்ரெம்பர் வந்தது. அவள் அதே வீட்டில், அதே அறையில் இருந்தாள். வீட்டுக்கார அம்மாவுக்குப் பழம் நழுவிப் பாலில் விழுந்த மாதிரி. "எங்களோடு சும்மா தங்கியிருக்கிறாள், ஏதோ கைகொடுக்கிறாள்," என்று அயலுக்குச் சொன்னார். பிள்ளைகளைக் குளிப்பாட்டுவது, பள்ளிக்கூடத்தில் விட்டுக் கூட்டி வருவது எல்லாம் அவள்தான். ஒரு மணி நேரம்கூடச் செய்யக்கூடாது என்று தாளில் இருந்த உண்மையான விதி கண்முன்னால் ஒவ்வொரு நாளும் மீறப்பட்டது. இல்லாத விதியைப் போட்ட நான் அதைப் பார்த்துக்கொண்டு கண்ணாடி துடைத்தேன்.

நயாகரா ஒன்ராறியோவுக்குள்தானே இருக்கிறது, அதனால் நயாகராவுக்குப் போனாள். ஒரு தரம் அல்ல, மூன்று தரம். மூன்றாம் முறை மழையில் நனைந்து தடிமனும் தும்மலுமாக வந்தாள். ஒவ்வொரு முறையும் எனக்கு ஒரு ஃபிரிட்ஜ் காந்தம் வாங்கி வந்தாள். அருவி, அருவிக்குக் கீழே படகு, அருவிக்கு மேலே வானவில். வேண்டாம் என்று சொல்ல முடியாமல் மூன்றையும் கொண்டுபோய் எங்கள் ஃபிரிட்ஜில் ஒட்டினேன்.

அந்த மாதம் மூன்றாம் கிழமை எனக்குத் தாங்கவில்லை. சொல்லிவிடுவது என்று முடிவு செய்தேன். பஸ்ஸில் போகும்போது ஆங்கிலத்தில் பாடமாக்கினேன்: நான் பிழையாகச் சொல்லிவிட்டேன், ஏஜென்சியைக் கேள், நாளைக்கே போகலாம். பொய் சொன்னேன் என்பதைப் பிழையாகச் சொன்னேன் என்று மாற்றிக்கொண்டுதான் போனேன், அதுவே பெரிய காரியம் என்று நினைத்தேன்.

அவள் பிள்ளைகளின் உடுப்புகளுக்கு ஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு, நான் அவளுக்காகக் கவலைப்படுகிறேன் என்று நினைத்தாள் போல.

"பரவாயில்லை," என்றாள். "இந்த வருடம் இல்லாவிட்டால் அடுத்த வருடம் வருவேன். இல்லாவிட்டால் அதற்கடுத்த வருடம். மலை எங்கே போகப் போகிறது?"

பாடமாக்கியது எல்லாம் அப்படியே வற்றிப்போயிற்று. மலை போகாதுதான். என் தங்கைக்கு அடுத்த வருடமும் கல்யாணம் நடக்குமா? அந்தப் பச்சைச் சேலைக்காரியின் கையிலிருந்து தட்டை நான் அடுத்த வருடம் போய் வாங்க முடியுமா? நினைத்த நேரம் நினைத்த நாட்டுக்கு வரலாம் என்று ஸ்திரிப்பெட்டியைக்கூடக் கீழே வைக்காமல் சொல்கிறவளுக்கு ஆறு கிழமை போனால் என்ன குறைந்துவிடும்? மேலே போய் தொட்டியை இரண்டு தரம் தேய்த்தேன்.

கடிதம் ஒக்ரோபர் இரண்டாம் கிழமை வந்தது. அனுமதி கிடைத்திருந்தது. விமானத்துக்கு நான்கு நாள்தான் இருந்தது. அவள் கடிதத்தைப் பிடித்தபடியே என்னைக் கட்டிப்பிடித்தாள். "நீங்கள் சொல்லியிருக்காவிட்டால் நான் பிழை விட்டிருப்பேன், என்னைத் திருப்பி அனுப்பியிருப்பார்கள்," என்றாள். என் கையில் ரப்பர் உறை இருந்தது. ஈரம் படும் என்று கையை விரித்துக்கொண்டு நின்றேன். படத்தைச் சூட்கேசில் வைக்க இடமில்லை என்று மேசையில் விட்டுவிட்டுப் போனாள். சிவப்பு வட்டங்களோடு அதைக் குப்பையில் போட்டது நான்தான், அது என் வேலை.

கார்த்திகையில் ஒரு ஞாயிறு காலை தங்கை ரெலிபோன் எடுத்தாள்.

"அக்கா, உங்கட ஜேர்மன் பிள்ளை வந்தவள். மேப்பிள் பிஸ்கற் கொண்டு வந்து தந்தவள். நல்ல பிள்ளை, என்ன? நிலத்தில இருந்து கையால சோறு சாப்பிட்டவள்."

"ஓம், நல்ல பிள்ளை," என்றேன்.

"அடுத்த ஞாயிறு தங்கட வீட்ட வரட்டாம், தாய் சமைப்பாவாம். நான் என்ன செய்யிறது, சொல்லத்தானே வேணும். எனக்கு இந்த மாவட்டத்தைத் தாண்டேலாது எண்டு சொன்னன். வழமையா இந்த ஜேர்மன் சனம் நம்பாதுகள், அக்கா. எங்கட நாட்டில அப்பிடியெல்லாம் இல்லை எண்டு எங்களுக்கே சொல்லுதுகள். உவள் ஒண்டும் கேக்கேல்லை. என்ர கையைப் பிடிச்சவள். 'எனக்குத் தெரியும், கனடாவில நானும் ஆறு கிழமை உப்பிடித்தான் இருந்தனான், ஒரு எல்லைக்குள்ள, கடிதம் எப்ப வரும் எண்டு பாத்துக்கொண்டு' எண்டவள். சொல்லேக்கை அவளுக்குக் கண் கலங்கிப் போச்சு. 'ஆறு கிழமையே எனக்கு ஏலாமல் போச்சு, நீ எத்தினை வருஷம்?' எண்டு கேட்டவள்."

ரெலிபோன் எங்கள் வீட்டில் ஃபிரிட்ஜுக்குப் பக்கத்துச் சுவரில் இருந்தது. அருவி, படகு, வானவில் மூன்றும் முகத்துக்கு நேரே இருந்தன.

"நாலு வருஷத்தில ஒருத்தரும் என்னட்ட அப்பிடிக் கேட்டதில்லை, அக்கா," என்றாள். தங்கையின் குரல் மாறியிருந்தது. மூக்கை உறிஞ்சிவிட்டுச் சமாளித்தாள். "அதுசரி, கனடாவிலயும் உப்பிடிச் சட்டம் இருக்கோ? நீங்கள் எனக்கு ஒருநாளும் சொல்லேல்லையே."

"ஓம்," என்றேன். "இருக்கு."