தாமரை வைத்த போர்வை

தாசம்மாளின் தையலைப் பிரிக்க வேண்டுமென்றால் துணியைத்தான் கிழிக்க வேண்டும் என்று பழவங்காடியில் பேச்சு. சுசீந்திரம் தேரில் தொங்கவிடும் உருளைத் துணிகளான தொம்பைகளைத் தைத்து அனுப்பிய தஞ்சாவூர்க்காரர் சாம்பசிவன், சிவப்புத் துணியில் தாமரையும் யாளியும் வெட்டிவைத்துத் தைக்கிற வேலையை அவளிடம் விட்டிருந்தார். தேர் ஓடும்போது காற்றில் பிய்ந்துவிடாதபடி விளிம்பு முழுக்க இரட்டைத் தையல் போடுவாள். வேதக்காரி, சபைக்குப் போகிற கிறிஸ்தவள்; அந்தத் தேரை ஒருநாளும் பார்த்ததில்லை.

வயிற்றில் பிள்ளையோடு அவளை விட்டுவிட்டு இலங்கைத் தோட்டத்துக்குப் போன கணவனிடமிருந்து கடிதம் நின்றுபோயிருந்தது. தொம்பையில் மிஞ்சிய சிவப்புத் துண்டுகளைச் சேர்த்து மகன் சத்தியநேசனுக்கு ஒரு போர்வை தைத்தாள். நடுவில் வெள்ளைத் தாமரை. ஆறு வருஷம் அது பிள்ளைமேலும் கொடியிலுமாகக் கிடந்து வெளுத்தது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தெட்டில் வாந்திபேதி வந்தது. வியாழக்கிழமை காலையில் பையன் போய்விட்டான். அந்திக்குள் அடக்கம் செய்துவிட வேண்டும் என்று நகரசபை ஆள் சொல்லிப் போனான். தாசம்மாள் சவப்பெட்டிமேல் போர்வையை விரித்தாள்.

அடக்கத்துக்கு வந்த சபை உபதேசியார் ஞானையன் வாசலிலேயே நின்றுவிட்டார். "இது கோவில் துணியில்லா? இதப் போட்டுக்கிட்டு கல்லறைத் தோட்டத்துக்குள்ள கேற முடியாது, தாசம்மா."

"இது இல்லாம அவன் ஒறங்கமாட்டான், உவதேசியாரே."

பக்கத்து வீட்டுச் சரசம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "தாமர ஒரு பூவுதானே? பூவுக்கும் ஞானஸ்நானம் குடுக்கணுமோ?"

"நாளைக்கு சபையில நாந்தானே பதில் சொல்லணும்? அந்தத் தாமரய எடுத்துட்டாப் போரும். பொறவு போர்வ வரட்டும்."

தாசம்மாள் போர்வையை மடியில் போட்டுக்கொண்டு கத்தரிக்கோல் முனையோடு தரையில் உட்கார்ந்தாள். தன் தையல் எவ்வளவு கெட்டி என்று அன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது. ஓர் இதழ் வருவதற்குள் நகக்கண் கிழிந்தது. பெட்டி தூக்க வந்தவர்கள் வெயிலைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். கிழித்துவிடு என்றாள் சரசம்மா. அவள் கிழிக்கவில்லை. ஒவ்வொரு நூலாக எடுத்தாள்.

பூ மொத்தமும் வந்துவிட்டது. போர்வையைத் திரும்பப் பெட்டிமேல் விரித்தாள். வெளுத்த போர்வையின் நடுவில், அது மூடியிருந்த இடம் மட்டும் வெளுக்காமல், இரத்தச் சிவப்பில் ஒரு தாமரை இருந்தது.

"இன்னும் கெடக்கே," என்றார் ஞானையன்.

"இது வெயிலு தச்சது. இதப் பிரிக்க எனக்கு அறியாது."

அவர் பெட்டியை நெருங்கி, தன் கையாலேயே போர்வையை எடுத்துப் புரட்டிப் போட்டார். சிவப்புப் பூ பிள்ளையின் பக்கம் போயிற்று. எந்தத் தையற்காரியும் வெளியே காட்டாத முடிச்சுகளும் நூல் நுனிகளும் தெரு பார்க்க மேலே வந்தன. பெட்டியைத் தூக்கினார்கள்.