காபியில் கலந்த சொட்டு மருந்து

தாம்பரம் பக்கம் எங்கள் முடிச்சூர் வீட்டுக்குள் ஒருமுறை இடுப்பளவு வெள்ளம் வந்து போனதிலிருந்து, வானம் இருட்டினாலே என் மனைவி பத்திரங்களையும் துணிமணிகளையும் மாடிக்குத் தூக்கிப் போவாள். தூங்க மாட்டாள். கல்லூரியில் இயற்பியல் கற்பித்தவன் நான். எதற்கும் எனக்கு ஒரு பெயர் வேண்டும். மனநல மருத்துவர் நோய்க்குப் பெயர் சொன்னார். அவள் மாத்திரை விழுங்க மறுத்ததும், ருசியில்லாத சொட்டு மருந்து எழுதி, அவளுக்குத் தெரியாமல் கொடுத்துவிடுங்கள் என்று வாய்வார்த்தையாகச் சொன்னார்.

காபியில் கலந்தேன். முப்பத்தெட்டு வருடத்தில் அடுப்படிப் பக்கமே போகாதவன், தினமும் டம்ளரும் டவராவுமாகப் போய் நின்றால் யார் நம்புவார்கள்? பக்கத்து வீட்டார் என்னைப் புகழ்ந்தார்கள். அவள் மட்டும், "என்ன திடீர்னு கரிசனம்? முதல்ல நீங்க ஒரு வாய் குடிங்க" என்றாள். சுகர் என்று சொல்லித் தப்பினேன். பிறகு அவள் பார்க்காதபோது அவளுடைய ரசத்தில் கலந்தேன்.

அடுத்த முறை தாம்பரம் ஆஸ்பத்திரிக்குப் போனபோது வேறொரு இளம் மருத்துவர் இருந்தார்.

"சாப்பாட்டுல இவர் ஏதோ கலக்கறார் டாக்டர்" என்றாள், நிதானமாக.

அவர் என்னைப் பார்த்தார். அவள் முன்னால் உண்மையைச் சொல்லப் பயந்தேன். பாவம், என்ன செய்வது என்பதுபோல் சிரித்தேன். கணவன்மேல் சந்தேகம் என்று எழுதிக்கொண்டார். மருந்து இரண்டு மடங்கானது.

ஐப்பசியில் ஒரு மத்தியானம் தெருத்தண்ணீர் வாசற்படி ஏறியது. கட்டிலில் கிடந்தவளை உலுக்கினேன். கண் திறந்திருந்தது, எழவில்லை. வாயோரம் எச்சில் வழிந்தது. அவளைத் தூக்க எனக்குத் தெம்பில்லை. கூடத்தில் தண்ணீர் பரவிக்கொண்டே வந்தது. அவள் பயந்தது நோயா, இந்தப் பக்கம் குடியிருப்பவருக்கு இருக்கவேண்டிய புத்தியா என்று அன்றுதான் யோசித்தேன். இன்றும் எனக்கு நிச்சயமில்லை.

நல்லவேளை, தண்ணீர் கணுக்காலோடு நின்றது. முதல் மருத்துவரிடம் போய் மருந்தைக் குறைத்து வாங்கினேன். ஏன் கூட்டப்பட்டது என்று அவர் கேட்கவில்லை; நானும் சொல்லவில்லை. அவள் தெளிந்ததும் அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"எனக்கு அப்பவே தெரியும். என்கிட்ட சொல்லி என்ன ஆகப்போகுது? அங்க வந்து சொல்லுங்க. ஃபைல்ல எழுதினதை அடிக்கச் சொல்லுங்க."

இரண்டு முறை தாம்பரம் ஆஸ்பத்திரிக்குப் போய் டோக்கன் வாங்கிவிட்டுத் திரும்பிவிட்டேன். இந்த வயதில் இதைச் சொன்னால் என் புத்தியைச் சந்தேகித்து எழுதிக்கொள்வார்களோ என்று பயம். வியாழக்கிழமை அவளே என்னை அழைத்துப் போகிறாள்.